பெய்யா, பேயா?

கேள்வி: உங்கள் இதழில் வரும் மாயாஜாலத் தொடர்கதையில், ஓடும் ஆற்றைத் திருப்பிவிடும் மந்திரங்கள் அடங்கிய ‘நீரழை ஏடு’ என்ற ஆதிகாலத்து நூல் வருகிறதே, அது தஞ்சாவூர் சரசுவதி மகால் நூலகத்தில் ரகசியமாகப் பூட்டிக் கிடக்கிறது என்கிறார் பக்கத்து ஊர்க்காரர் ஒருவர். தன்னிடம் நகல் இருக்கிறதாம், 15 ஆயிரம் கேட்கிறார். நாங்கள் கடைமடை விவசாயிகள். வாங்கலாமா?
— ஒரு வாசகர், தலைஞாயிறு

பதில்: வாங்காதீர்கள். நீரழை ஏட்டுக்கு வயது ஏழு மாதம். கதையில் ‘ஊழிக்கு முந்தியது’ என்று வரும். பிறந்தது என்னவோ என் மேஜையில்தான். எழுத்தாளர் அனுப்பிய முதல் அத்தியாயத்தில் ‘ஒரு பழைய மந்திர நூல்’ என்று மட்டும் இருந்தது. ஓரத்தில் சிவப்பு மையில் ‘இதற்குப் பெயர் கிடையாதா?’ என்று எழுதித் திருப்பி அனுப்பினேன். அன்று மாலையே போனில் நாலு பெயர் சொன்னார். மூன்று வாயில் நுழையவில்லை. மிச்சம் இருந்ததை அச்சுக்குக் கொடுத்தோம். அதிலுள்ள மந்திரம் என்று பார்த்தால் இதுவரை மொத்தம் பதினொரு வரி. உங்கள் ஊர்க்காரரிடம் முழு நூலும் இருக்கிறது என்றால் அடுத்த அத்தியாயத்தை அவரிடமே வாங்கிக்கொள்கிறோம்.

சரசுவதி மகாலை ஏன் இதில் இழுக்க வேண்டும்? நாயக்கர் காலத்தில் தொடங்கி, இரண்டாம் சரபோஜி மன்னர் பார்த்துப் பார்த்துப் பெருக்கிய இடம் அது. 1918லேயே பொது நூலகமாகிவிட்டது. என்னென்ன சுவடி இருக்கிறது என்பதற்கு அச்சிட்ட அட்டவணையே உண்டு. மருத்துவம், சோதிடம் என்று பல சுவடிகளை நூலகமே புத்தகமாகப் போட்டு விற்கிறது. ஒளித்து வைப்பவர்கள் செய்கிற காரியமா இது?

இந்த ஏமாற்று புதிதல்ல. லவ்கிராஃப்ட் என்ற அமெரிக்க எழுத்தாளர் 1920களில் தன் பேய்க்கதைகளுக்காக ‘நெக்ரோனாமிகான்’ என்றொரு மந்திர நூலை இட்டுக்கட்டினார். நிஜமா என்று கேட்டவர்களுக்கு, கற்பனை என்றே கடிதம் எழுதினார். 1937ல் அவர் இறந்த பிறகு அதே பெயரில் புத்தகங்கள் அச்சாகிக் கடைக்கு வந்தன. வாங்கவும் ஆள் இருந்தது.

எங்கள் பக்கமும் ஒரு தப்பு இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். நீரழை ஏட்டுக்குத் தோல் அட்டை, பித்தளைக் கொக்கி, இருட்டில் மின்னும் எழுத்து என்றெல்லாம் மூன்றாம் அத்தியாயத்தில் விட்டுவிட்டோம். காவிரிக்கரை மாதிரியே ஒரு உலகத்தைக் கட்டிவிட்டு, புத்தகத்தை மட்டும் சீமையிலிருந்து இறக்கியது மாதிரி! ஏடு என்றால் பனையோலை. சிறுவயதில் திருவையாற்றுப் பக்கம் ஒரு வீட்டில் பார்த்திருக்கிறேன். பெரியவர் ஒருவர் பரண் மேலிருந்த கட்டைப் பிரித்து ஓர் ஓலையை என் கையில் கொடுத்தார். ஒன்றுமே எழுதாத மாதிரிதான் இருந்தது. அப்புறம் கோவையிலையைக் கசக்கி விளக்குக்கரியோடு சேர்த்துத் தேய்த்துத் துணியால் துடைத்தார். எழுத்தாணி கீறிய பள்ளத்தில் மட்டும் கரி தங்கி, வரிசை வரிசையாக எழுத்து எழும்பி வந்தது. இதற்கு மேலா ஒரு மாயாஜாலம் வேண்டும்?

இன்னொன்று. பழைய ஓலைகளில் பெரும்பாலும் மெய்யெழுத்துக்குப் புள்ளி இராது. புள்ளி குத்தினால் ஓலை பொத்துப்போகும் என்பார்கள். ஒற்றைக் கொம்பு, இரட்டைக் கொம்பு வித்தியாசமும் கிடையாது. 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த திருத்தத்துக்கு அப்புறம் வந்தது அது. ஆகவே ‘பெய்’ என்றாலும் ‘பேய்’ என்றாலும் ஓலையில் ‘பெய’ என்றுதான் இருக்கும். முன்பின் சொல்லை வைத்து நாம்தான் பிரித்துப் படிக்க வேண்டும். கும்பகோணம் கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுத்துக்கொண்டே உ.வே.சாமிநாதையர் 1887ல் சீவக சிந்தாமணியை அச்சேற்றினாரே, இந்த மாதிரி ஆயிரம் முடிச்சை அவிழ்த்துத்தான். மழை மந்திரத்தில் அந்த ‘பெய’ வந்தால் என்ன ஆகும், யோசித்துப் பாருங்கள். இதைச் சொன்னதும் எங்கள் எழுத்தாளர் போனிலேயே ஒரு நிமிஷம் பேசவில்லை. தோல் அட்டை அடுத்த வாரம் ஆற்றோடு போய்விடும் என்று உறுதி கொடுத்திருக்கிறார். அதிலும் தப்பில்லை. ஆடிப்பெருக்கில் பழைய சுவடிகளை ஆற்றில் விட்ட வழக்கம் நிஜமாகவே நம்மிடம் இருந்தது. உண்மையில் தொலைந்த ஏடுகளைக் காவிரியைத்தான் கேட்க வேண்டும்.

அந்த நகலை ஒரு தடவை கையில் வாங்கிப் பாருங்கள். புள்ளியெல்லாம் கச்சிதமாக விழுந்து, ‘பே’க்கு இரட்டைக் கொம்பும் இருந்தால், அதை எழுதிய ‘ஆதிகாலத்து முனிவர்’ பால்பாயின்ட் பேனாவில் எழுதியவர். முன்பணம் கொடுத்திருந்தால் கேட்டு வாங்கிவிடுங்கள்.

தண்ணீருக்கு மேட்டூரில் மதகைத் திறந்தாக வேண்டும்; ஜூன் 12 வழக்கமான நாள். திறந்த தண்ணீர் தலைஞாயிறு வரை வர வாய்க்காலில் தூர் இருக்கக் கூடாது. 15 ஆயிரத்துக்கு ஜேசிபி எத்தனை மணி நேரம் ஓடும் என்று உங்கள் ஊரிலேயே விசாரியுங்கள்.