ஒரே லைப்ரரியை ஏற்றினால் செய்தி போய்ச் சேர்ந்துவிடுமா?

கேள்வி: லினக்ஸில் நான் எழுதிய இரண்டு புரோகிராம்கள் ஜீரோஎம்க்யூ என்ற செய்தி அனுப்பும் லைப்ரரி வழியாகப் பேசிக்கொள்ள வேண்டும். இரண்டும் ஏற்றுவது அந்த லைப்ரரியின் லிப்இசட்எம்க்யூ.எஸ்ஓ.5 என்ற ஒரே கோப்பைத்தான். அதனால் இரண்டிலும் 'இன்ப்ராக்' முகவரியே கொடுத்தேன். பிழை எதுவும் வரவில்லை, ஆனால் செய்தியும் போய்ச் சேரவில்லை. ஏன்?

பதில்: ஷேர்டு லைப்ரரி (பல புரோகிராம்கள் ஏற்றிக்கொள்ளும் ஒரே கோப்பு) என்றதும் அதற்குள் இருப்பதெல்லாம் பொது என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள், சிக்கலே அங்கேதான். பொதுவாக இருப்பது லைப்ரரியின் கட்டளைகள் மட்டும்தான். அவை இருக்கும் நினைவகப் பக்கங்களை கெர்னல் (இயங்குதளத்தின் மையப் பகுதி) நினைவகத்தில் ஒரு முறை வைத்து இரண்டு புரோகிராமுக்கும் காட்டுகிறது, அதுவும் படிக்கவும் இயக்கவும் மட்டும். லைப்ரரிக்குள் இருக்கும் மாறிகள், வரிசைகள், சாக்கெட்டுகள் (செய்தி போய்வரும் முனைகள்) எல்லாம் ஒவ்வொரு புரோகிராமுக்கும் தனித்தனி; ஒன்று எழுதியதை இன்னொன்று பார்க்கவே முடியாது. ஓடிக்கொண்டிருக்கும் புரோகிராமின் நினைவகத்தில் எது எங்கே இருக்கிறது என்று காட்டும் 'மேப்ஸ்' கோப்பைத் திறந்து லிப்இசட்எம்க்யூ வரும் வரிகளைப் பாருங்கள். அனுமதியைக் காட்டும் நான்கு எழுத்துகளில் கடைசி எழுத்து எல்லா வரியிலும் 'பி' என்றே இருக்கும். பிரைவேட் என்று அர்த்தம், அதாவது அங்கே எழுதுவது மற்ற புரோகிராமுக்குத் தெரியாது.

இன்ப்ராக் ஒரே புரோகிராமுக்குள், ஒரே கான்டெக்ஸ்டில் (சாக்கெட்டுகளை உருவாக்கி வைத்திருக்கும் ஜீரோஎம்க்யூ பொருள்) இருக்கும் த்ரெட்டுகளுக்கு (ஒரு புரோகிராமுக்குள் இணையாக ஓடும் இழைகள்) மட்டுமானது. பிழை வராததற்கும் காரணம் உண்டு. 4.0 பதிப்பிலிருந்து, மறுமுனை பைண்ட் ஆவதற்கு (முகவரியைத் தனதாக்கிக் காத்திருப்பதற்கு) முன்பே இன்ப்ராக்கில் கனெக்ட் செய்யலாம் என்று ஆகிவிட்டது, அதனால் உங்கள் புரோகிராம் வரவே போகாத ஒரு மறுமுனைக்காகக் காத்திருக்கிறது, புஷ் வகை சாக்கெட்டாக (அனுப்ப மட்டுமே செய்வது) இருந்தால் வரிசை நிரம்பும்வரை அனுப்பியதெல்லாம் அங்கேயே தேங்கும்.

இரண்டு பக்கமும் முகவரியை 'ஐபிசி' என்று மாற்றுங்கள், அது போதும். அப்போது செய்தி கெர்னலின் யூனிக்ஸ் சாக்கெட் (ஒரே கணினியில் உள்ள புரோகிராம்களை இணைப்பது) வழியாகப் போகும். வேறு வேறு கணினி என்றால் டிசிபி. ஐபிசியில் இரண்டு விஷயம் கவனியுங்கள். லினக்ஸில் ஐபிசி முகவரியில் வரும் கோப்புப் பாதையின் நீளம் 107 பைட்டுக்குள் அடங்க வேண்டும். அப்புறம், வேறொரு புரோகிராம் அதே பாதையில் பைண்ட் செய்தால் அதற்கும் பிழை வராது, முதலில் பைண்ட் செய்ததுதான் சத்தமில்லாமல் இடத்தை இழக்கும். ஆகவே ஒரே புரோகிராமைத் தெரியாமல் இரண்டு முறை ஓடவிடாதீர்கள்.

கேள்வி: பழைய புரோகிராம் ஒன்று லிப்இசட்எம்க்யூ.எஸ்ஓ.3 இல்லை என்று சொல்லி நின்றுவிடுகிறது. புதிய கணினியில் .5 இருக்கிறது. அதற்கே .3 என்ற பெயரில் ஒரு சிம்லிங்க் (வேறொரு கோப்பைச் சுட்டும் பெயர்) போட்டுவிடலாம் என்கிறார் நண்பர். செய்யலாமா?

பதில்: தயவுசெய்து செய்யாதீர்கள். அந்தக் கடைசி எண் சும்மா பதிப்பைக் காட்ட வைத்ததல்ல. பழைய புரோகிராம்களோடு இனி ஒத்துப்போகாது என்ற அளவுக்கு லைப்ரரி மாறும்போதுதான் அந்த எண்ணை ஏற்றுகிறார்கள். இதில் மாறியது என்ன தெரியுமா? ஒரு செய்தியை வைத்திருக்கும் ஸ்ட்ரக்ட் (தரவுக் கட்டமைப்பு), .3-இல் 32 பைட், .5-இல் 64 பைட். உங்கள் பழைய புரோகிராம் 32 பைட் இடம்தான் ஒதுக்கும். புதிய லைப்ரரியோ 64 இருக்கிறது என்ற நம்பிக்கையில் எழுதும், பக்கத்தில் இருக்கும் மாறிகள் அழியும். புரோகிராம் அங்கேயே விழுந்தால் நல்லது. விழாமல் தப்பான தரவோடு ஓடிக்கொண்டிருந்தால், காரணம் கண்டுபிடிக்க நாள்கணக்கில் ஆகும்.

மூலநிரல் கையில் இருந்தால் லைப்ரரியின் புதிய ஹெடரோடு (அதன் அறிவிப்புகள் உள்ள கோப்பு) மறுபடி கம்பைல் செய்யுங்கள். இல்லையென்றால் நம்பகமான தொகுப்பிலிருந்து பழைய லைப்ரரியை எடுத்துத் தனி அடைவில் வைத்து, அந்த ஒரு புரோகிராமைத் தொடங்கும்போது மட்டும் எல்டி லைப்ரரி பாத் என்ற சூழல் மாறியில் (லைப்ரரிகளை எங்கே தேடுவது என்று சொல்வது) அந்த அடைவைக் கொடுங்கள். எண் வேறான கோப்புகள் ஒரே கணினியில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கலாம், அதற்காகத்தான் இந்த ஏற்பாடே. ஒரு புரோகிராமுக்கு எந்த எந்த லைப்ரரி தேவை என்று பார்க்க எல்டிடி கட்டளை போதும், ஆனால் யாரோ கொடுத்த, நம்பிக்கையில்லாத புரோகிராம் என்றால், கோப்பைப் படிக்க மட்டுமே செய்யும் ஆப்ஜ்டம்ப் கட்டளையைப் பயன்படுத்துங்கள். எல்டிடி சில சமயம் அந்தப் புரோகிராமையே இயக்கிவிடக்கூடும்.

கேள்வி: ஒரு பக்கம் சி, மறுபக்கம் பைத்தான் என்றால் இரண்டும் ஒரே லிப்இசட்எம்க்யூ கோப்பைப் பயன்படுத்த வேண்டுமா?

பதில்: வேண்டியதில்லை. பைத்தானின் நிறுவும் கருவியான பிப் மூலம் நிறுவும் பைஇசட்எம்க்யூ (பைத்தானுக்கான ஜீரோஎம்க்யூ) வீல், அதாவது தயார்நிலைத் தொகுப்பு, தன் லிப்இசட்எம்க்யூவைத் தன்னோடேயே கொண்டுவருகிறது, ஆக நீங்கள் கவனிக்காமலே ஏற்கெனவே இரண்டு கோப்புகள் ஓடிக்கொண்டிருக்கலாம். ஒத்துப்போக வேண்டியது இரு பக்கமும் செய்தியைப் பரிமாறிக்கொள்ளும் இசட்எம்டிபி என்ற நெறிமுறைதான், அதன் 3.0 பதிப்பு பழைய பதிப்புகளோடும் பேசும்.