பழைய பேரலல் போர்ட் கருவிக்கு எதை வாங்குவது?

கேள்வி: பேரலல் போர்ட்டில் (பழைய பிரிண்டர் இணைப்பில்) செருகும் ஈப்ராம் புரோகிராமர், அதாவது நினைவகச் சிப்பில் தரவை எழுதும் கருவி, என்னிடம் இருக்கிறது. அதன் மென்பொருள் விண்டோஸ் 98-இல் ஓடியது. இப்போதுள்ள 64 பிட் கணினியில் அந்த போர்ட்டே இல்லை. யூஎஸ்பி-பேரலல் கேபிள் வாங்கினால் போதுமா?

பதில்: அதை மட்டும் வாங்காதீர்கள். அந்தக் கேபிள் பிரிண்டருக்காகவே செய்யப்பட்டது. உங்கள் மென்பொருளோ போர்ட்டின் முகவரிக்கு, பெரும்பாலும் ஹெக்ஸ் (16 அடிப்படை எண்முறை) 378-க்கு, நேரடியாக எழுதி ஒவ்வொரு பின்னையும் தனித்தனியாக இயக்குகிறது. யூஎஸ்பி கேபிளுக்கு அப்படியொரு முகவரியே கிடையாது. எந்த டிரைவர் போட்டாலும் இந்தக் குறை தீராது.

செலவழிக்கும் முன் மதர்போர்டைத் திறந்து பாருங்கள். எல்பிடி (பேரலல் போர்ட்டின் சுருக்கப் பெயர்) என்று அச்சிட்ட 26 பின் இணைப்பு இருந்தால், அதற்கான பிராக்கெட் கேபிள் மட்டும் போதும். இல்லையென்றால் பிசிஐ எக்ஸ்பிரஸ் பேரலல் கார்டு. ஆனால் அதற்குக் கிடைக்கும் முகவரி பெரும்பாலும் 378 ஆக இருக்காது. டிவைஸ் மேனேஜரில் ரிசோர்சஸ் பகுதியில் நான்கு இலக்கத்தில் வேறொன்று தெரியும். அதை உங்கள் மென்பொருளில் மாற்றி எழுத இடம் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இடமில்லை என்றால் கார்டு வீண். போர்ட் உள்ளேயே அமைந்த பழைய கணினிதான் வழி. அப்படி வாங்கும்போது பின்புறம் 25 துளைகள் உள்ள இணைப்பைத் தேடுங்கள். 25 ஊசிகள் நீட்டிக்கொண்டிருந்தால் அது பழைய சீரியல் போர்ட்.

அடுத்தது டிரைவர். விண்டோஸ் 98 போர்ட்டை எந்த நிரலுக்கும் திறந்துவிட்டது. விண்டோஸ் என்டி, 2000, எக்ஸ்பி எல்லாம் அதைத் தடுத்தன. அந்தத் தடையை நீக்க வந்த டிரைவர்தான் கிவ்ஐஓ. அது 32 பிட் விண்டோஸுக்கு மட்டும். 64 பிட்டில் இன்பவுட்32 என்ற டிரைவர் பயன்படும், ஆனால் மென்பொருள் அதைப் பயன்படுத்தும்படி எழுதப்பட்டதாக இருக்க வேண்டும். முதல் முறை அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டினால்தான் டிரைவர் நிறுவப்படும். 16 பிட் டாஸ் நிரலாக இருந்தால் 64 பிட் விண்டோஸில் திறக்கவே திறக்காது.

கருவியைச் செருகும் முன் ஒரு சோதனை: போர்ட்டின் டேட்டா முகவரியில் (மேலே சொன்ன 378 அல்லது கார்டின் முகவரி) 255 எழுதி, 2-ஆம் பின்னுக்கும் 25-ஆம் பின்னுக்கும் இடையே மல்டிமீட்டரில் அளந்து பாருங்கள். 5 வோல்ட்டை ஒட்டி வர வேண்டும். 0 எழுதினால் இறங்க வேண்டும். சில கார்டுகள் 3.3 வோல்ட்தான் தரும், பழைய கருவிகள் அதில் தடுமாறலாம். எதை எழுதினாலும் திரும்பப் படிக்கையில் 255-ஏ வந்தால் பெரும்பாலும் முகவரி தவறு. செருகுவதும் கழற்றுவதும் இரு பக்கமும் மின்சாரத்தை நிறுத்திய பிறகே. இல்லையேல் போர்ட் எரிந்துபோகக்கூடும்.

கேள்வி: இன்பவுட்32 டிரைவரை விண்டோஸ் தடுக்கிறது. பாதுகாப்பை அணைத்துவிடலாமா?

பதில்: இணையத்தில் இருக்கும் கணினியில் வேண்டாம். இத்தகைய டிரைவர் கணினியில் ஓடும் மற்ற நிரல்களுக்கும் வன்பொருளைத் திறந்துவிடக்கூடியது. தீங்கு நிரலுக்கும் அதே கதவுதான். எக்ஸ்பி உள்ள பழைய கணினி ஒன்றை இந்தக் கருவிக்கென்றே ஒதுக்கி, நெட்வொர்க் கேபிளைக் கழற்றி வையுங்கள்.