சிறையா பெயர் வாங்கிக் கொடுத்தது?

கேள்வி: சோவியத் கால இயக்குநர் பரஜானோவின் 'மாதுளைகளின் நிறம்' படம் பார்த்தேன். கதையே இல்லை, அழகழகான காட்சிகள் மட்டும்தான். சோவியத் அரசு பிடித்து உள்ளே போட்டதால்தானே இவருக்கு இவ்வளவு பெயர்?

பதில்: கிடையாது. வருடங்களைப் பாருங்கள். உக்ரைனின் ஹுட்சுல் மலைமக்களின் பேச்சிலேயே எடுத்து, ரஷ்ய டப்பிங்குக்கு மறுத்து நின்ற அவருடைய 'மறக்கப்பட்ட மூதாதையரின் நிழல்கள்' 1965-லேயே வெளிநாட்டு விழாக்களில் பரிசு வாங்கிவிட்டது. கீவ் நகரில் அவரைக் கைது செய்தது 1973 டிசம்பரில். நீங்கள் பார்த்த படம் அதற்கும் நாலு வருடம் முந்தியது!

சிறை கொடுத்ததைப் பற்றிப் பேசுகிறோம், எடுத்துக்கொண்டதைப் பேச மாட்டேன் என்கிறோம். ஒருபாலுறவு உள்ளிட்ட குற்றச்சாட்டுகளில் ஐந்து வருடத் தண்டனை. பிரெஞ்சுக் கவிஞர் லூயி அரகோன் போன்றவர்கள் சோவியத் தலைவர் பிரெஷ்னெவ் வரைக்கும் போய்ப் பேசி 1977 கடைசியில் வெளியே வந்தார், ஆனாலும் படம் எடுக்க விடவில்லை, 1982-ல் ஜார்ஜியாவின் திபிலீசியில் மறுபடி கைது. அடுத்த முழுநீளப் படமான 'சூரம் கோட்டையின் கதை'யை எடுக்கும்போது வயது 60. உச்சத்தில் இருந்த ஒரு கலைஞனின் 15 வருடம் அப்படியே போயிற்று. சிறையில் பால் பாட்டிலின் தகர மூடியில் நகத்தால் உருவங்கள் கீறினாரே, அதைச் சொல்லி 'சிறைதான் அவரைக் கலைஞனாக்கியது' என்று உருகுகிறவர்களைக் கண்டால் எனக்குக் கோபம்தான் வருகிறது. கையில் கேமரா இருந்திருந்தால் அவர் ஏன் மூடியைக் கீறப்போகிறார்?

அப்புறம், 'மாதுளைகளின் நிறம்' படத்தில் கதை இல்லை என்கிறீர்களே. 18-ஆம் நூற்றாண்டு ஆர்மீனியக் கவி சாயத் நோவாவின் வரலாற்றைச் சொல்லப்போவதில்லை, அவருடைய உள்ளுலகைக் காட்டப் பார்க்கிறோம் என்று படமே ஆரம்பத்தில் சொல்லிவிடுகிறது. நனைந்த ஏடுகளை மடத்துக் கூரை முழுக்கக் காயப்போட்டிருக்க, காற்றில் பக்கங்கள் படபடக்க, நடுவே சிறுவன் படுத்துக் கிடக்கிறானே, அவன் எப்படிக் கவிஞனானான் என்பதற்கு இதைவிட என்ன வசனம் வேண்டும்? கேமரா அசையாமல் நிற்பதும், ஆட்கள் நேராக நம்மைப் பார்ப்பதும் ஆர்மீனியச் சுவடி ஓவியங்களின் வழி. இளம் கவிஞனாகவும் அவன் காதலியாகவும் வருவது ஒரே நடிகை, சோஃபிக்கோ சியாவுரேலி. இதைக் கவனித்தீர்களா? காதலிப்பவரும் காதலிக்கப்படுபவரும் ஒரே முகம் என்றால் அது வெறும் அழகுக்காக வைத்ததா?

இன்னொன்று, நீங்கள் பார்த்தது எந்தப் பிரதி? அதிகாரிகளுக்குப் பிடிக்காமல் யுத்கேவிச் என்ற இயக்குநரை வைத்து வெட்டி மாற்றி அடுக்கிய பிரதி ஒன்று வெகுகாலம் சுற்றியது. 2014-ல் புதுப்பித்த பிரதிதான் பரஜானோவ் நினைத்ததற்கு நெருக்கமானது. முழுசாக 80 நிமிடம்கூட வராது. அதைப் பெரிய திரையில் பார்த்துவிட்டு மறுபடி எழுதுங்கள், அப்போதும் பிடிக்கவில்லை என்றால் அதையும் இதே பக்கத்தில் போடுகிறேன்.