ஒளிவேலிக்கு ஒரு துருசு வையுங்கள்

முள்ளியவளையிலிருந்து ஒரு தங்கச்சி எழுதிக் கேட்டிருக்கிறார்: "மாயக்கதை ஒன்று எழுதுகிறேன். அந்த உலகத்தில் 'சூறை' என்று கட்டுக்கடங்காத ஒரு சக்தி. அது பட்டால் கல் மிதக்கும், மனிதர் தங்கள் பெயரையே மறப்பார்கள். ஏழு பேர் மந்திரம் சொல்லி எழுப்பிய ஒளிவேலி நாட்டைச் சுற்றி நின்று அதைத் தடுக்கிறது. பன்னிரண்டாம் அத்தியாயத்தோடு கதை நின்றுவிட்டது. வேலி உடைந்தால் எல்லாரும் அழிந்துவிடுவார்கள், உடையாவிட்டால் நடக்க ஒன்றுமில்லை. என்ன செய்யலாம்?"

தங்கச்சி, உங்கள் வேலியில் ஒரு வாசல்கூட இல்லை. சிக்கல் அங்கேதான். பெரிய சக்தியொன்றை அடக்கி வைக்கும் தடுப்பு எப்படியிருக்கும் என்று அறிய நீங்கள் தூரம் போகத் தேவையில்லை. மார்கழி மழையில் இரணைமடுக் குளத்தின் அணைக்கட்டில் ஒருமுறை ஏறி நில்லுங்கள். ஒரு பக்கம் கனகராயன் ஆறு காடெல்லாம் அள்ளிக்கொண்டு வந்த தண்ணீர் கட்டில் வந்து அடித்துக்கொண்டிருக்கும். மறுபக்கம், உங்கள் காலுக்கு எவ்வளவோ கீழே, கிளிநொச்சி வயல்கள். இரண்டுக்கும் நடுவில் நிற்பது மண்தான். 1902இல் தொடங்கிய வேலை, பிறகு பல தடவை உயர்த்திக் கட்டியது.

நின்று பார்த்தால் முதலில் ஒன்று கண்ணில் படும். கட்டு குளத்தைச் சுற்றி இல்லை, ஒரு பக்கத்தில் மட்டும்தான். எதிர்ப்பக்கம் அலைகரை. மாரியில் தண்ணீர் அங்கே மரங்களுக்குள் ஏறும், கோடையில் இறங்கும், இறங்கிய இடத்தில் மாடு மேயும். பரவ இடமில்லாத தண்ணீரை எந்தக் கட்டும் தாங்காது. உங்கள் சூறைக்கும் ஓர் அலைகரை கொடுங்கள்: சில மாதம் அதற்கு, சில மாதம் மனிதருக்கு என்றொரு நிலம். மாடு தேடி அங்கே போன பொடியன் ஒருவன் பொழுதுபட மாடுகளோடு திரும்பி வரட்டும். பெயர் கேட்டால் மட்டும் பேசாமல் நிற்கட்டும். உங்கள் கதைக்கு இரண்டு அத்தியாயம் அதிலேயே கிடைக்கும்.

சூறையின் பலத்துக்கும் ஒரு கணக்கு வேண்டும். தண்ணீர் கட்டைத் தள்ளும் அழுத்தம் குளத்தின் அகலத்தைப் பொறுத்ததல்ல, ஆழத்தைப் பொறுத்தது. பத்து மீற்றர் ஆழத்தில் ஒரு சதுர மீற்றருக்கு ஏறக்குறையப் பத்துத் தொன். குளம் ஒரு மைல் விரிந்திருந்தாலும் ஐந்து மைல் விரிந்திருந்தாலும் அதே பத்துத் தொன்தான். கட்டு அடியில் அகன்று மேலே ஒடுங்குவது இதனால்தான். இப்படி ஒரு விதியைக் கதையின் தொடக்கத்திலேயே வாசகருக்குக் காட்டிவிட்டால், அளவுக்கம்பில் ஒரு கோடு ஏறினாலே அவருக்கு நெஞ்சு பதறும். யாரும் கத்தத் தேவையில்லை.

அடுத்தது துருசு, கட்டுக்குள்ளால் தண்ணீரை அளவாக வெளியே விடும் மதகு. குளம் கட்டியது தண்ணீரை மறிக்க மட்டுமில்லை, வயலுக்கு விடுவதற்கு. அடக்கிய சூறையை உங்கள் நாடு எதற்குப் பயன்படுத்துகிறது? விளக்கெரிக்கவா, கிணறு ஊறவா, நோய் மாற்றவா? யாருக்கு முதலில், யாருக்குக் கடைசியில்? சிறுபோகத்துக்கு எத்தனை ஏக்கர் விதைப்பது, எந்த நாள் தண்ணீர் திறப்பது என்று கூட்டம் வைத்து முடிவெடுக்கிற மண் நம்முடையது. வாய்க்காலின் கடைசியில் காணி வைத்திருப்பவர் அந்தக் கூட்டத்தில் எழுந்தால் எப்படிப் பேசுவார் என்று உங்களுக்குத் தெரியும். அவரைக் கதைக்குள் கொண்டுவாருங்கள். பழைய பெருங்குளங்களில் துருசோடு சேர்த்துக் கல்லால் ஒரு சதுரக் கிணறு கட்டியிருப்பார்கள், சிங்களத்தில் பிசோக்கொட்டுவ என்பது. குளத்துத் தண்ணீர் அதற்குள் இறங்கி, வேகம் அடங்கித்தான் வாய்க்காலுக்குப் போகும். உங்கள் ஏழு பேரில் ஒருவருடைய உடம்பே அந்தக் கிணறாக இருந்தால்? எனக்கு இதை நினைக்கவே உடம்பு சிலிர்க்கிறது.

சரி, நீங்கள் கேட்ட கேள்விக்கு வருகிறேன். உடைவதா, உடையாததா என்ற இரண்டுக்கும் நடுவில் வான் இருக்கிறது, குளத்தில் மிஞ்சிய தண்ணீர் வெளியேறும் வழி. குளம் நிரம்பினால் கட்டைக் காப்பாற்ற வான்கதவைத் திறந்தே ஆகவேண்டும், திறந்தால் கீழே இருப்பவர் நனைவார். 2018 டிசம்பர் மழையில் இரணைமடுவின் கதவுகள் திறந்தன. கட்டு நின்றது. ஆனால் கண்டாவளை, முரசுமோட்டைப் பக்கம் வீடுகளுக்குள் வெள்ளம். எப்போது திறந்திருக்கவேண்டும் என்று மக்கள் பிறகும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். உங்கள் கதாநாயகி அந்தக் கதவடியில் நிற்கட்டும். அவள் தாய்வீடு வான் பாயும் வழியில் இருக்கட்டும்.

கட்டு உடைவதும் பெரும்பாலும் இடிமுழக்கத்தோடு தொடங்குவதில்லை. எலி வளை, கறையான் புற்று, பட்டுப்போன மரத்தின் வேர் விட்ட துளை, இவை போதும். சின்ன வயதில் அப்பு என்னைக் கட்டின் கீழ்ப்பக்கம் கூட்டிக்கொண்டு போவார். புல்லுக்குள் ஈரம் கண்டால் குந்தியிருந்து உள்ளங்கையில் ஏந்தி, வெயிலில் பிடித்துப் பார்ப்பார். தெளிந்த தண்ணீர் என்றால் கையை உதறிவிட்டு நடப்பார். கலங்கல் என்றால் முகம் மாறிவிடும். கலங்கல் என்றால் கட்டின் மண் உள்ளுக்குள்ளேயே கரைந்து வருகிறது, துளை பெருத்துக்கொண்டிருக்கிறது.

மந்திரம் எங்கே என்று கேட்பீர்கள். வற்றாப்பளை அம்மனின் வைகாசிப் பொங்கல் உங்களுக்குப் பக்கத்து ஊர்த் திருவிழா. மதுரையை எரித்த கண்ணகியின் சினம் ஆறிய இடம் என்று நம்பித்தான் அங்கே பொங்குகிறோம். சிலாவத்தைக் கடலில் தீர்த்தம் எடுப்பார்கள், உங்கள் ஊர்க் காட்டா விநாயகர் கோயிலில் உப்புநீரில் விளக்கெரியும், பிறகு அது வற்றாப்பளைக்குப் போகும். நாள், வழி, யார் தூக்குவது, எல்லாவற்றுக்கும் முறை உண்டு. அந்த விளக்கை அப்படியே கதைக்குள் வைக்காதீர்கள், அது அம்மனுடையது. ஆனால் வருடந்தோறும் செய்தே ஆகவேண்டிய ஒரு முறையை உங்கள் வேலிக்கும் வையுங்கள். ஏழு பேர் ஒருதரம் சொன்ன மந்திரம் என்றென்றைக்கும் நிற்கும் என்றால் யாரும் நம்பமாட்டார்கள்.

பன்னிரண்டாம் அத்தியாயத்தைக் கிழிக்கவேண்டாம். அதன் முதல் பக்கத்தில், வேலியின் நாட்டுப்பக்கம், காவல்காரி ஒருத்தி குனிந்து ஒரு கசிவைக் காதோடு பிடித்துக் கேட்கட்டும். வெறும் இரைச்சல் என்றால் பயமில்லை. அந்த இரைச்சலுக்குள் ஏழு பேர் சொன்ன மந்திரத்தின் ஓர் எழுத்து கேட்கட்டும்.