மின்னஞ்சலில் சிசி, பைக்கில் சிசி, சிரிஞ்சில் சிசி: எல்லாம் ஒன்றுதானா?

கேள்வி: வேலைக்குச் சேர்ந்த புதிது. "மேலாளரை சிசியில் போடுங்கள்" என்கிறார்கள். பைக் என்றால் 150 சிசி என்கிறார்கள். வீடியோவின் அடியில் சிசி என்று ஒரு பொத்தான் இருக்கிறது. சிரிஞ்சிலும் 5 சிசி. இவை எல்லாவற்றுக்கும் ஒரே பொருளா?

பதில்:

இல்லை. எழுத்துதான் ஒன்று, பொருள் வேறு வேறு. நீங்கள் கேட்ட நான்கில் பைக்கும் சிரிஞ்சும் மட்டும் உறவுக்காரர்கள். இரண்டிலும் அது க்யூபிக் சென்டிமீட்டர், அதாவது கன சென்டிமீட்டர். மற்ற இரண்டுக்கும் ஒன்றோடொன்று எந்தத் தொடர்பும் கிடையாது.

செவிலியர் மாணவர்களுக்கு மருந்து அளவுக் கணக்கு கற்றுக்கொடுப்பது என் வேலை. அதனால் சிரிஞ்சைப் பற்றிச் சொல்ல எனக்கு நிறைய இருக்கிறது. அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்கிறேன். மற்ற இடங்களில் சிசியைத் தவறாகப் புரிந்துகொண்டால் சங்கடத்தோடு போய்விடும். சிரிஞ்சில் தவறினால் உயிருக்கே ஆபத்து.

முதலில் உங்கள் மேலாளர். மின்னஞ்சலில் சிசி என்றால் கார்பன் காப்பி. தட்டச்சுப் பொறிக் காலத்தில் ஒரு வெள்ளைத் தாள், அதன் பின்னால் கார்பன் தாள், அதற்கும் பின்னால் இன்னொரு வெள்ளைத் தாள் என்று அடுக்கி உருளையில் செருகுவார்கள். விசையை ஓங்கி அடித்தால் மேல் தாளில் நாடாவின் மை பதியும். அந்த அடியின் அழுத்தத்திலேயே கீழ்த் தாளில் கார்பன் பதியும். அடுக்கு கூடக் கூட எழுத்து மங்கும். கடைசிப் பிரதி யாருக்குப் போகிறதோ அவர் கண்ணை இடுக்கிக்கொண்டுதான் படிக்க வேண்டும். கடிதத்தின் அடியில், கையெழுத்துக்குக் கீழே, சிசி என்று போட்டு முக்காற்புள்ளி வைத்து, பிரதி யார் யாருக்குப் போகிறது என்று பெயர்களை எழுதுவார்கள். கடிதம் பெறுகிறவர் அதைப் பார்த்தவுடன், இந்த விஷயம் இன்னாருக்கும் தெரியும் என்று அறிந்துகொள்வார்.

கார்பன் தாளுக்கு நல்ல வயதாகிறது. ரால்ஃப் வெட்ஜ்வுட் என்பவர் 1806ஆம் ஆண்டு இங்கிலாந்தில் அதற்குக் காப்புரிமை பெற்றார். பார்வையற்றவர்கள் மைக்கூடு இல்லாமல் எழுத உதவும் கருவியின் ஒரு பகுதியாகத்தான் அது முதலில் பிறந்தது. பிரதி எடுக்கும் பயன் பிறகு வந்து சேர்ந்தது.

மின்னஞ்சல் வந்தபோது அலுவலகக் கடிதத்தின் அமைப்பை அப்படியே எடுத்துக்கொண்டார்கள். 1982இல் வெளியான ஆர்.எஃப்.சி. 822 என்ற இணைய நெறிமுறை ஆவணத்தில் 'டூ', 'சிசி', 'பிசிசி' என்ற மூன்று பெறுநர் புலங்களும் இருக்கின்றன. டூ என்ற இடத்தில் இருப்பவர் பதில் சொல்ல வேண்டியவர், வேலையைச் செய்ய வேண்டியவர். சிசியில் இருப்பவர் தெரிந்துகொள்ள வேண்டியவர். ஆகவே மேலாளர் உங்களுக்கு ஒரு முடிவு சொல்ல வேண்டும் என்றால் அவரை சிசியில் போட்டுவிட்டுக் காத்திருக்காதீர்கள். "தகவலுக்காக அனுப்பியிருக்கிறார்" என்று எடுத்துக்கொண்டு அவர் அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுவார், அதில் அவர் மேல் பிழை இல்லை.

பிசிசி என்பது மறைமுகப் பிரதி. தட்டச்சுக் காலத்திலேயே இது உண்டு. அசல் தாளைப் பொறியிலிருந்து உருவிவிட்டு, பிரதியில் மட்டும் அந்தப் பெயரைத் தட்டுவார்கள். அசல் கடிதம் பெறுகிறவருக்கு மூன்றாமவர் ஒருவர் இருப்பதே தெரியாது. இன்றைய மின்னஞ்சலிலும் பிசிசியில் இருப்பவரின் முகவரி மற்றவர்களுக்குத் தெரியாது. ஒருவரையொருவர் அறியாத ஐம்பது பேருக்கு ஓர் அறிவிப்பு அனுப்புகிறீர்கள் என்றால் பிசிசிதான் முறை. ஐம்பது பேரின் முகவரியையும் ஐம்பது பேருக்கும் காட்டிக்கொடுக்காமல் இருப்பது ஒரு மரியாதை. ஆனால் இருவர் பேசிக்கொள்ளும் கடிதத்தில் மூன்றாமவரைத் திருட்டுத்தனமாக உட்கார வைக்க இதைப் பயன்படுத்தாதீர்கள். அந்த மூன்றாமவர் மறந்துபோய் "அனைவருக்கும் பதில்" என்ற பொத்தானை அழுத்தினால் குட்டு உடைந்துவிடும். அதன் பிறகு உங்கள் கடிதங்களை யாரும் முன்போல் நம்ப மாட்டார்கள். கார்பன் தாள்தான் இப்போது இல்லையே என்று சிலர் சிசிக்கு 'கர்ட்டஸி காப்பி' என்று விரிவாக்கம் சொல்வார்கள். அது பிற்காலத்தில் பொருத்திக்கொண்டது.

அடுத்து வீடியோவின் அடியில் இருக்கும் பொத்தான். அது குளோஸ்டு கேப்ஷன், அதாவது விரும்பினால் மட்டும் திரையில் வரும் எழுத்து வரிகள். எப்போதும் படத்தோடு ஒட்டியே இருந்தால் அது ஓப்பன் கேப்ஷன். இதைச் சாதாரண சப்டைட்டில் என்று நினைப்பவர்கள் அதிகம். சப்டைட்டில் பொதுவாக மொழி தெரியாதவருக்கானது, வசனத்தை மட்டும் தரும். கேப்ஷன் காது கேளாதவருக்கானது. யார் பேசுகிறார், பின்னால் கதவு தட்டப்படுகிறதா, தொலைவில் குழந்தை அழுகிறதா என்பதையும் அது எழுதிக்காட்டும். திகில் படத்தில் திரையில் ஆளே இல்லாத நேரத்தில் "காலடி ஓசை நெருங்குகிறது" என்று ஒரு வரி வந்தால்தான், கேட்க முடிந்தவர் அடையும் பயத்தைக் கேட்க முடியாதவரும் அடைவார்.

அமெரிக்கத் தொலைக்காட்சியில் இந்த வசதி 1980 மார்ச் மாதம் தொடங்கியது. படத்தோடு கண்ணுக்குத் தெரியாமல் போகும் சமிக்ஞையின் 21ஆவது வரியில் எழுத்துகளை ஒளித்து அனுப்பினார்கள். அதைப் பிரித்துக் காட்டத் தனியாக ஒரு பெட்டி வாங்க வேண்டியிருந்தது. காது கேளாதவர் தொலைக்காட்சியும் வாங்கி, அதைப் புரிந்துகொள்ள இன்னொரு பெட்டியும் வாங்க வேண்டும் என்ற நிலை. 1990இல் அங்கே ஒரு சட்டம் வந்தது. அதன்படி 1993 ஜூலை முதல் 13 அங்குலமும் அதற்கு மேலும் உள்ள தொலைக்காட்சிப் பெட்டிகளில் அந்த வசதி உள்ளேயே இருக்க வேண்டும் என்றானது. சட்டம் போட்டுத்தான் நடந்தது என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் வருத்தமாகத்தான் இருக்கிறது.

வீடியோ தளங்களில் இன்னொரு சிசியும் உண்டு, இரண்டையும் குழப்பிக்கொள்பவர்கள் ஏராளம். அது கிரியேட்டிவ் காமன்ஸ், அதாவது தன் படைப்பைப் பிறர் எந்த நிபந்தனையில் பயன்படுத்தலாம் என்று படைத்தவரே முன்கூட்டிச் சொல்லிவிடும் உரிம முறை. அமெரிக்கச் சட்டப் பேராசிரியர் லாரன்ஸ் லெசிக் முதலானோர் 2001இல் இதற்கான அமைப்பைத் தொடங்கினார்கள். முதல் உரிமங்கள் 2002 டிசம்பரில் வந்தன. எளிய அடையாளம் சொல்கிறேன். வட்டத்துக்குள் இரண்டு 'சி' இருந்தால் உரிமம். கட்டத்துக்குள் இருந்தால் பெரும்பாலும் கேப்ஷன். கேப்ஷன் இருக்கிறது என்பதால் அந்த வீடியோவை எடுத்துப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்று பொருள் இல்லை. உரிம சிசி இருந்தாலும் விருப்பம்போல் எடுத்துக்கொள்ள முடியாது, கூடவே வரும் எழுத்துகளைப் பார்க்க வேண்டும். 'பிஒய்' என்றால் படைத்தவர் பெயரைச் சொல்ல வேண்டும். 'என்சி' என்றால் வணிகத்துக்குக் கூடாது. 'என்டி' என்றால் மாற்றம் செய்து வெளியிடக் கூடாது. 'எஸ்ஏ' என்றால், மாற்றி வெளியிடுவதையும் அதே உரிமத்தில் வெளியிட வேண்டும். விக்கிப்பீடியாவின் கட்டுரைகள் பிஒய்-எஸ்ஏ வகை. அங்கிருந்து பத்தி பத்தியாக எடுத்துப் போட்டுவிட்டு மூலத்தைச் சொல்லாமல் இருப்பது உரிமத்தை மீறுவதுதான்.

பைக்குக்கு வருவோம். 150 சிசி என்பது பெட்ரோல் தொட்டியின் அளவும் இல்லை, வேகமும் இல்லை. சிலிண்டருக்குள் பிஸ்டன் ஒரு கோடியிலிருந்து மறு கோடி வரை போகும்போது எவ்வளவு இடத்தைக் கடக்கிறதோ அந்தக் கன அளவு. சிலிண்டரின் உள்விட்டம் 5.7 செ.மீ., பிஸ்டன் ஏறி இறங்கும் தூரம் 5.86 செ.மீ. என்று வையுங்கள். விட்டத்தின் வர்க்கத்தை 0.7854ஆல் பெருக்கி, அதைத் தூரத்தால் பெருக்கினால் ஏறக்குறைய 149.5 வரும். விற்கும்போது அதை 150 என்பார்கள். சிலிண்டர் இரண்டு, நான்கு என்று இருந்தால் அத்தனை மடங்கு. சிசி கூடினால் சக்தி கூடும் என்பது பொதுவாகச் சரி, ஆனால் எப்போதும் இல்லை. உலக மோட்டார் சைக்கிள் பந்தயத்தின் உச்சப் பிரிவில் 2002ஆம் ஆண்டு 500 சிசி டூ ஸ்ட்ரோக் வண்டிகளும் 990 சிசி ஃபோர் ஸ்ட்ரோக் வண்டிகளும் ஒரே களத்தில் ஓடின. டூ ஸ்ட்ரோக்கில் கிராங்க், அதாவது பிஸ்டனின் ஏற்ற இறக்கத்தைச் சுழற்சியாக மாற்றும் தண்டு, ஒவ்வொரு முறை சுற்றும்போதும் எரிதல் நடக்கும், மற்றதில் இரண்டு சுற்றுக்கு ஒரு முறைதான். விதி வகுத்தவர்கள் ஏறக்குறைய இரு மடங்கு சிசியை அனுமதித்தது அதனால்தான்.

இவை தவிர சில்லறையாக இன்னும் உண்டு. சிசிடிவியில் வரும் சிசி குளோஸ்டு சர்க்யூட். ரோமன் எண்ணில் சிசி என்றால் 200. மின்னிசைக் கருவிகளில் 'கன்ட்ரோல் சேஞ்ச்' என்பதைச் சிசி என்பார்கள். அதில் 7ஆம் எண் ஒலியளவைக் குறிக்கும், 64ஆம் எண் ஒலியை நீட்டிக்கும் பியானோ மிதியைக் குறிக்கும். இணைய முகவரி புள்ளி சிசி என்று முடிந்தால் அது இந்தியப் பெருங்கடலில் ஆஸ்திரேலியாவுக்குச் சொந்தமான கோகோஸ் தீவுகளுக்கு ஒதுக்கப்பட்ட முடிவு.

இனி சிரிஞ்ச். ஒரு கன சென்டிமீட்டரும் ஒரு மில்லிலிட்டரும் இன்று துல்லியமாக ஒன்றே. முன்பு ஒரு மயிரிழை வித்தியாசம் இருந்தது. 1901இல் ஒரு கிலோ நீரின் கன அளவை லிட்டர் என்று வரையறுத்தார்கள். பிற்பாடு அளந்து பார்த்தால் அது 1000.028 கன சென்டிமீட்டராக இருந்தது. 1964இல் அந்த வரையறையை விட்டுவிட்டு, லிட்டர் என்றால் சரியாக 1000 கன சென்டிமீட்டர் என்று முடிவு செய்தார்கள். எனவே உங்கள் 5 சிசி சிரிஞ்சில் பிடிப்பது 5 மி.லி. அதில் ஐயமே வேண்டாம்.

அளவு ஒன்றுதான் என்றால் எப்படி எழுதினால் என்ன என்று என் வகுப்பில் ஒவ்வொரு ஆண்டும் யாராவது கேட்பார்கள். நான் கரும்பலகையில் ஆங்கிலத்தில் இரண்டு சிறிய 'சி' எழுத்துகளை அவசரக் கையெழுத்தில் சேர்த்து எழுதிக் காட்டுவேன். இரண்டின் அடியும் ஒட்டிக்கொள்ளும், மேலே வாய் திறந்திருக்கும். பார்ப்பதற்கு அச்சு அசல் 'யு' என்ற எழுத்து. மருத்துவத்தில் யு என்பது யூனிட்டின் சுருக்கம்; இன்சுலினை யூனிட்டில்தான் அளப்போம். பரவலாகப் பயன்படும் இன்சுலினில் ஒரு மி.லி.க்கு 100 யூனிட். 4 யூனிட் என்றால் 0.04 மி.லி., ஒரு சிறு துளி. அந்த 4 யு என்பதை ஒருவர் 4 சிசி என்று படித்துவிட்டால் 400 யூனிட். நூறு மடங்கு. இரத்தத்தில் சர்க்கரை சரிந்து, நோயாளி நினைவிழந்து, உயிரே போகலாம். நெருக்கி எழுதினால் இரண்டு 'சி'யும் இரண்டு பூஜ்யங்களைப் போலவும் தெரியும் என்பது வேறு.

மாணவர்களிடம் இதற்கு ஒரு தடுப்பும் சொல்லிக்கொடுக்கிறேன். இன்சுலின் சிரிஞ்சின் முழுக் கொள்ளளவே அதிகபட்சம் 1 மி.லி.தான் இருக்கும். இன்சுலின் போட வேறு பெரிய சிரிஞ்சைத் தேட வேண்டி வந்தால், அந்த இடத்திலேயே நின்று எழுதியவரைக் கேட்க வேண்டும். கேட்பதற்குத் தயங்கவே கூடாது.

அமெரிக்காவில் மருத்துவமனைகளுக்குத் தரச்சான்று தரும் ஜாயிண்ட் கமிஷன் 2004இல் பயன்படுத்தக் கூடாத சுருக்கங்களின் பட்டியல் ஒன்றை நடைமுறைப்படுத்தியது. யு அதில் இடம்பெற்றது. மருந்துப் பாதுகாப்புக்கான ஐ.எஸ்.எம்.பி. அமைப்பின் ஆபத்தான சுருக்கங்களின் பட்டியலில் சிசியும் இருக்கிறது. அதற்குப் பதில் மி.லி. என்று எழுதச் சொல்கிறார்கள். இன்னொரு குழப்பமும் உண்டு: நோயாளியின் பதிவுத்தாளில் முதல் வரியில் சிசி என்றிருந்தால் அது 'சீஃப் கம்ப்ளெயிண்ட்', அவர் சொல்லும் முதன்மைத் தொந்தரவு. அதே தாளின் கீழே மருந்தளவிலும் சிசி வந்தால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

கையில் இருக்கும் சிரிஞ்சில் சிசி என்று அச்சிட்டிருந்தால் பயந்து தூக்கி எறிய வேண்டியதில்லை. ஆனால் யாருக்காவது மருந்தின் அளவைத் தாளிலோ செய்தியிலோ எழுதும்போது மி.லி. என்றே எழுதுங்கள், யூனிட் என்றால் முழுச் சொல்லையும் எழுதுங்கள். மருந்துச்சீட்டில் எழுத்து சிசியா யுவா என்று ஐயம் வந்தால் ஊகிக்காமல், எழுதிக் கொடுத்த மருத்துவரிடமோ மருந்தாளுநரிடமோ அளவை வாயால் சொல்லச் சொல்லிக் கேட்டுவிட்டு, பிறகு மருந்தை எடுங்கள்.