ரெட் ஆக்சைடு: கேள்வி பதில்

கேள்வி: துருவும் ரெட் ஆக்சைடும் ஒரே பொருள்தான் என்றால், துருப்பிடிக்கும் இரும்புக் கேட்டுக்கு அதையே பூசுவதால் என்ன பயன், ஐயா?

பதில்: இரண்டும் இரும்பு ஆக்சைடுதான். ஆனால் துரு என்பது நீரேறிய, பொருக்குப் பொருக்காக உதிரும் பொருள். ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொண்டு அடியிலுள்ள இரும்பை மேலும் அரிக்கவிடும். நிறமியாக வருவதோ நீரற்ற ஃபெர்ரிக் ஆக்சைடு. இனி ஆக்சிஜனேற்றம் அடைய அதில் எதுவும் மிச்சமில்லாததால், வெயிலிலும் மழையிலும் நிறம் மாறாமல் நிற்கிறது. ஆயினும் அந்தச் சிவப்பு தானாகத் துருவைத் தடுப்பதில்லை என்பதை அழுத்தமாகவே சொல்ல விரும்புகிறேன். பலர் நிறத்தை நம்பி ஏமாறுகிறார்கள். தடுக்கும் வேலையைச் செய்வது பிரைமரிலுள்ள பிசின் படலமும், அதில் சேர்க்கப்படும் ஜிங்க் பாஸ்பேட் போன்ற பொருள்களும்தான். முற்காலத்தில் பூசிய செவ்வீயம் வேதிவினையாலேயே துருவைத் தடுத்தது. ஆனால் அது ஈயம், நஞ்சு. ஆகவே டப்பாவில் ஜிங்க் பாஸ்பேட் என்று எழுதியிருக்கிறதா எனப் பார்த்து வாங்குங்கள். கம்பி பிரஷ்ஷும் உப்புத்தாளும் கொண்டு பழைய துருவை முழுவதும் எடுத்த பிறகே பூசுங்கள்.

கேள்வி: ஒரே பொருள் ஓரிடத்தில் ஆரஞ்சு கலந்த சிவப்பாகவும் வேறிடத்தில் ஊதா சாய்ந்தும் இருப்பது ஏன்?

பதில்: துகளின் அளவுதான் காரணம். சுமார் 0.1 மைக்ரான் (ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) துகள் மஞ்சள் சாயலும், 1 மைக்ரானை நெருங்கும் துகள் நீலச் சாயலும் தரும். நிறமியைச் சுட்டெடுக்கும் சூளையின் வெப்பம் கூடக்கூடத் துகள் பெரிதாகும்.

கேள்வி: இது எப்படித் தயாராகிறது?

பதில்: ஃபெர்ரஸ் சல்பேட்டைச் சுட்டெடுப்பது பழைய முறை. ஜெர்மனியில் 1920-களில் வந்த லாக்ஸ் முறையில், நைட்ரோபென்சீனை இரும்புத் தூளால் அனிலீனாக மாற்றும்போது இரும்பு கறுப்பு ஆக்சைடாகக் கிடைக்கிறது. அதைச் சூளையில் சுட்டால் சிவக்கும். ஒரே வினையில் சாயத் தொழிலுக்கான அனிலீனும், பெயின்ட் தொழிலுக்கான நிறமியும் கிடைப்பது எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது.

கேள்வி: பேவர் பிளாக்குக்கும் சிமென்ட் தரைக்கும் எவ்வளவு சேர்க்கலாம்? எங்கள் தரை சில மாதங்களிலேயே வெளுத்துவிட்டது.

பதில்: சிமென்ட் எடையில் 3 முதல் 5 சதவீதம் போதும், 10 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. முதலில் சிமென்ட்டோடு உலர்வாகவே கலந்து, நிறம் சீரான பிறகு தண்ணீர் ஊற்ற வேண்டும். வெண்மை படிந்திருந்தால் அது பெரும்பாலும் சிமென்ட்டிலிருந்து வெளிவந்த சுண்ணாம்புப் படிவம், நிறமி அழியவில்லை. பொடியில் சாயம் கலந்திருப்பதாக ஐயம் எழுந்தால், ஒரு சிட்டிகையைக் கண்ணாடிக் குவளையில் ஸ்பிரிட்டில் கலக்கி ஓர் இரவு விடுங்கள். பொடி அடியில் தங்கிய பிறகும் மேலே நிற்கும் ஸ்பிரிட் சிவந்து தெளிந்திருந்தால், அந்தப் பொடியை வாங்கிய கடையிலேயே திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.