படத்துக்குள் படம் காட்டிச் சிரிக்க வைப்பது என்றால் என்ன? அது ஏன் நமக்குப் பிடிக்கிறது?

ஒரு படம், தான் வெறும் படம்தான் என்பதை ஒளிக்காமல், படம் எடுக்கும் வேலையையே சிரிப்புக்குப் பொருளாக்குவதுதான் இது.

வேலூர், ஆரணி, செய்யாறு பக்கத்துக்காரர்களுக்கு இது புதிதல்ல. தெருக்கூத்தில் இரண்டு பேர் பிடித்திருக்கும் திரையை விலக்கிக்கொண்டு, கிரீடமும் புஜக்கட்டையும் மினுங்கத் துரியோதனன் வருவான். கூத்தை நடத்திச் செல்லும் கோமாளியான கட்டியக்காரன் அந்த ராஜாவையே "ஐயா, நீங்கள் யார்?" என்று கேட்பான், கூட்டத்தின் பக்கம் திரும்பி ஊர்க்கதையும் பேசுவான். இது கூத்துதான் என்று அப்படி உடைத்துச் சொன்ன பிறகும், திரௌபதி கதறும்போது நம் கண் கலங்கிவிடுகிறது. எனக்கு இன்றுவரை அது அதிசயம்தான்.

படத்தில் இது சிரிப்பாவதற்குக் காரணம் எளிது. கேமராவையும் விளக்கையும் வெட்டி ஒட்டும் வேலையையும் சினிமா மறைத்தே வைக்கிறது. நாமோ கதையை நம்பிக்கொண்டே, அது புனைவு என்பதையும் அறிந்திருக்கிறோம். மறைத்ததைச் சட்டென்று திறந்து காட்டினால் இரண்டும் மோதுகின்றன, சிரிப்பு வருகிறது.

1964இல் வந்த 'காதலிக்க நேரமில்லை' படத்தில், படம் எடுக்கத் துடிக்கும் நாகேஷ் தன் அப்பா பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்வார். கேமரா இல்லை, பேயும் இல்லை. குரலும் கையும் வாயால் எழுப்பும் ஓசையும் மட்டுமே. பாலையாவின் முகம் வெளிறுவதைப் பாருங்கள். இயக்கம், ஒலி, ரசிகர் மூன்றும் அந்த ஒரே அறையில் இருக்கின்றன.

கதையில் ஒரு நடிகரோ இயக்குநரோ வந்தாலே இந்த வகை என்று பலர் எண்ணுகிறார்கள். அது பாத்திரத்தின் தொழில் மட்டுமே, படம் உருவாகும் விதமே வேடிக்கையானால்தான் இந்தப் பெயர் பொருந்தும்.